ஊமைப்பட விமர்சகர் ஃபிராங்க் வுட்ஸ் திரைக்கதை எழுத்தாளர் ஆனது எப்படி?

இரண்டு வேலையையும் அவர் ஒரே நேரத்தில்தான் பார்த்தார். 1908-ல் 'நியூயார்க் டிராமட்டிக் மிரர்' என்ற நாடகப் பத்திரிகையில் படங்களுக்கு விமர்சனம் எழுத ஆரம்பித்தார். 'ஸ்பெக்டேட்டர்' என்பது அவருடைய பத்திப் பெயர். நடிகர்கள் கேமராவைப் பார்த்து நடிக்கக் கூடாது என்று அதில் விடாமல் வலியுறுத்தினார். கண் லென்ஸ் பக்கம் போனால் நாடக மேடை நினைவுக்கு வந்துவிடும், கதை உடைந்துவிடும் என்பது அவர் கட்சி.

அதே ஆண்டில் பயோகிராஃப் என்ற படக் கம்பெனிக்குக் கதையும் விற்றார். ஆங்கிலக் கவிஞர் டென்னிசனின் கவிதையை ஒட்டிய 'ஆஃப்டர் மெனி இயர்ஸ்' அவர் எழுதியது, இயக்கம் கிரிஃபித். காத்திருக்கும் மனைவி, உடனே தீவில் ஒதுங்கிய கணவன் என்று காட்சி மாறும். அப்போதைய படம் பெரும்பாலும் ஒரு ரீல்தான்; ஒரு ரீல் என்றால் சுமார் 1,000 அடி பிலிம், ஏறக்குறைய 15 நிமிடத்தில் முடிந்துவிடும். அதனால் கதையைச் சுருக்கமாக எழுதினால் போதும். கதை விற்கும் கம்பெனியின் படங்களையே விமர்சிப்பது இன்றைக்கு ஒப்புக்கொள்ள முடியாத விஷயம்!

1915-ல் வந்த 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படத்தின் திரைக்கதையில் கிரிஃபித்தோடு இவர் பெயரும் உண்டு. கறுப்பின மக்களை இழிவுபடுத்திய அந்தப் படத்தின் பழியில் இவருக்கும் பங்கு இருக்கிறது. 1927-ல் ஆஸ்கர் அகாடமியைத் தொடங்கிய 36 பேரில் ஒருவர்.

அவர் எழுதிய படங்கள் என்று வரும் இணையப் பட்டியல்களை அப்படியே நம்ப வேண்டாம். அந்தக் கால பயோகிராஃப் படங்களில் எழுத்தாளர் பெயரே போடமாட்டார்கள்.