மங்கிப்போன கிரிஸ்டல் கிளாஸ்களுக்கு

அம்மா கொடுத்த ஆறு கிரிஸ்டல் கிளாஸும் பென்னாகரத்துக்குக் குடிவந்த பிறகு பால் பூத்தது போல மங்கிவிட்டதாக எழுதியிருந்தீர்கள். அது பெரும்பாலும் போர் தண்ணீரின் உப்புதான். கிருஷ்ணகிரியில் எங்கள் வீட்டிலும் இதே பாடு.

முதலில் ஒரே ஒரு கிளாஸில் பாருங்கள். வெள்ளை வினிகரும் வெதுவெதுப்பான தண்ணீரும் சரிபாதி கலந்து, துணியை நனைத்து, மங்கின இடத்தில் பத்து நிமிடம் சுற்றி வையுங்கள். வெட்டு வேலைப்பாட்டின் பள்ளத்தில் வெள்ளைக் கோடாக நிற்பதை மட்டும் மென்மையான பல் பிரஷால் தடவி எடுங்கள். உப்பென்றால் கரைந்துவிடும். கரையவில்லையா? கண்ணாடியே அரித்திருக்கிறது, அதை வீட்டில் சரிசெய்ய முடியாது. பாத்திரப் பவுடர், கம்பி நார் பக்கம் போகவே வேண்டாம், கீறல்தான் மிஞ்சும்.

அப்புறம், கடைசி அலசலை குழாயில் வரும் ஒகேனக்கல் குடிநீரிலோ ஆர்ஓ தண்ணீரிலோ செய்யுங்கள். தானாகக் காயவிடாமல் உடனே பழைய வேட்டித் துணியால் துடையுங்கள். காம்பு வைத்த கிளாஸ் என்றால் அடியை ஒரு கையிலும் வாயை மறு கையிலும் பிடித்துத் திருகாதீர்கள், காம்பு முறிந்துவிடும்.

பழைய கிரிஸ்டலில் ஈய (லெட்) ஆக்சைடு 24 சதவீதத்துக்கு மேலும் இருக்கலாம். புளிப்பில் அந்த ஈயம் கரைந்து இறங்கும், அதனால் எலுமிச்சை ஜூஸை அதில் ஊற்றி வைத்துவிடாதீர்கள். குழந்தைகளுக்கு அதில் எதுவும் கொடுக்க வேண்டாம்.