மூலமா, கட்டியா, டிபியா? குடல் புற்றுநோய் பற்றிக் கேள்வி பதில்

பெருங்குடல், மலக்குடல் புற்றுநோயைப் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். எழுபதுக்கு மேல் கேள்விகள் வந்துவிட்டன. வேலூரில் இருபத்தாறு வருடம் குடல் அறுவை சிகிச்சை செய்தவள் என்ற முறையில் தெரிந்ததைச் சொல்கிறேன். மருந்துச் சீட்டு மட்டும் இங்கே எழுத மாட்டேன்.

குடியாத்தத்திலிருந்து: டாக்டரம்மா, என் வீட்டுக்காரருக்கு 52 வயது. இரண்டு வருடமாக மோஷனில் ரத்தம். மெடிக்கலில் மூலம் என்று ஆயின்மென்ட் கொடுத்தார்கள். போட்டால் நிற்கிறது, அப்புறம் மறுபடி வருகிறது. மூலம்தானே?

அம்மா, இந்த இரண்டு வருடத்தில் ஒரு டாக்டராவது கையுறை போட்டு, ஆசனவாயில் விரல் விட்டுப் பார்த்தாரா? இல்லையென்றால் அது மூலம் என்று யாருக்கும் தெரியாது.

ரத்த மூலத்தில் பெரும்பாலும் வலி இருக்காது. மோஷன் போன பிறகு பளிச்சென்ற சிவப்பில் சொட்டும். ஆசனவாய் வெடிப்பு என்றால் கண்ணாடித் துண்டால் கீறியது போல வலிக்கும், மலத்தின் மேல் கோடு போல ரத்தம் தெரியும். மலக்குடலில் கட்டி இருந்தால் ரத்தத்தோடு சளியும் கலந்து வரும். காலையில் நாலு தடவை போனாலும் முழுசாகப் போன திருப்தி இருக்காது. ஆனால் இந்த அடையாளங்கள் ஒன்றோடொன்று கலந்துதான் வரும். மூலமும் கட்டியும் ஒரே ஆளுக்கு இருக்கலாம். கட்டியிலிருந்து வரும் ரத்தமும் சில வாரம் தானாக நிற்கும், நல்ல பெயர் ஆயின்மென்ட்டுக்குப் போய்விடும்.

ராணிப்பேட்டைப் பக்கம் தோல் ஷாப்பில் வேலை செய்த ஒருவர் ஒரு நாள் மஞ்சள் பையை என் மேஜையில் கவிழ்த்தார். பதினோரு டியூப், எல்லாம் வாலிலிருந்து சுருட்டிச் சுருட்டிப் பிதுக்கித் தீர்த்தவை. நாலு வருட வைத்தியம். இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்கச் சொல்லி விரல் விட்டேன். பாதி விரல் போவதற்குள் கட்டி தட்டியது. ஒரு நிமிட வேலை. அதை நாலு வருடம் யாரும் செய்யவில்லை.

உங்கள் வீட்டுக்காரருக்கு முதலில் விரல் பரிசோதனை, பிறகு முழுப் பெருங்குடலையும் கேமராக் குழாய் விட்டுப் பார்க்கும் கொலனோஸ்கோபி. இந்த வாரமே கூட்டிப் போங்கள்.

ஆம்பூர்: நேற்று பீட்ரூட் பொரியல் சாப்பிட்டேன், இன்று சிவப்பாகப் போகிறது.

பீட்ரூட்டை நிறுத்திவிட்டு இரண்டு நாள் பாருங்கள். பிறகும் சிவப்பு இருந்தால் டாக்டரிடம் போங்கள்.

ஆரணி: அம்மாவுக்கு 61 வயது, தறி வேலை. ஹீமோகுளோபின் 7. சத்து மாத்திரையில் ஏறும், நிறுத்தினால் இறங்கிவிடும். மோஷனில் ரத்தமே இல்லை, அதனால் குடலில் ஒன்றும் இருக்காதுதானே?

இந்தக் கேள்விக்காகவே இன்று உட்கார்ந்தது வீண் போகவில்லை. பெருங்குடலின் வலது பக்கம் அகலமானது, அங்கே மலம் இன்னும் தண்ணீராகத்தான் இருக்கும். அதனால் கட்டி பெரிதாக வளரும் வரை அடைப்பு வராது. கசியும் ரத்தம் மலத்தோடு கலந்துவிடுவதால் கண்ணுக்கும் தெரியாது. வெளியே தெரிவது அசதி, மூச்சு வாங்குவது, வெளுத்த முகம் மட்டும்தான். மாதவிலக்கு நின்ற பெண்ணுக்கோ, எந்த வயது ஆணுக்கோ இரும்புச்சத்துக் குறைவால் ரத்தம் குறைந்தால், எங்கே போகிறது என்று தேடியே ஆக வேண்டும். வயிற்றுக்கு எண்டோஸ்கோபி, குடலுக்குக் கொலனோஸ்கோபி, இரண்டும். கொக்கிப்புழுவும் காரணமாக இருக்கலாம். அதற்காகப் பூச்சி மாத்திரையோடு நிறுத்திவிடாதீர்கள்.

காட்பாடி: புற்றுநோய்க்காகப் பார்க்கும் சிஇஏ ரத்தப் பரிசோதனை நார்மல். கொலனோஸ்கோபி தேவையில்லையே?

தேவை. ஆரம்ப நிலைப் புற்றுநோயில் பலருக்குச் சிஇஏ நார்மலாகவே இருக்கும், புகைபிடிப்பவருக்குச் சும்மாவே ஏறியிருக்கும். சிகிச்சைக்குப் பிறகு கண்காணிக்கத்தான் அது பயன்படும்.

சோளிங்கர்: எனக்கு 31. வலது அடிவயிற்றில் வலி, சாயந்திரம் காய்ச்சல், ஒன்பது கிலோ குறைந்துவிட்டது. சிறுகுடலும் பெருங்குடலும் சேரும் இடத்தில் தடிப்பு என்று சிடி ஸ்கேன் சொல்கிறது. ஒருவர் டிபி என்கிறார், ஒருவர் கிரோன்ஸ் என்ற குடல் அழற்சி நோய் என்கிறார். வீட்டில் கேன்சர் என்று அழுகிறார்கள். டிபி மாத்திரையை ஆரம்பித்துவிடவா?

தம்பி, பரிசோதனைக்குச் சதை எடுக்காமல் (பயாப்ஸி) ஆரம்பிக்காதீர்கள். நம் ஊரில் அந்தச் சந்திப்பு இடத்தில் மூன்றும் வரும். ஸ்கேனில் மூன்றும் தடிப்பாகத்தான் தெரியும்.

உள்ளே கேமரா விட்டுப் பார்த்தால் கொஞ்சம் பிரியும். டிபி புண்கள் குடலின் குறுக்கே வளையமாகப் போகும், கிரோன்ஸ் புண்கள் நீளவாக்கில் ஓடும். புற்றுநோய் பெரும்பாலும் ஒரே இடத்தில், ஒழுங்கில்லாத கட்டியாக, தொட்டால் ரத்தம் கசியும்படி இருக்கும். கண் சொல்வதை மட்டும் நம்ப முடியாது, பல இடத்தில் சதை எடுக்க வேண்டும். எடுத்ததை இரண்டு பாட்டிலில் அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். ஒன்று பார்மலின் என்ற பதப்படுத்தும் திரவத்தில், நுண்ணோக்கியில் பார்க்க. இன்னொன்று உப்புத் தண்ணீரில், டிபி கல்ச்சருக்கும் (கிருமியை வளர்த்துப் பார்ப்பது) ஜீன்எக்ஸ்பர்ட்டுக்கும் (கிருமியின் மரபணுவைத் தேடுவது). எல்லாவற்றையும் பார்மலினில் போட்டுவிட்டால் கிருமி செத்துவிடும், கல்ச்சரில் வளராது. இந்தச் சின்னத் தவறால் மறுபடி கொலனோஸ்கோபிக்காகப் பேதி மருந்து குடித்தவர்கள் உண்டு.

குடல் டிபியில் கிருமி குறைவு. அதனால் ரிசல்ட்டில் கிருமி இல்லை என்று வந்தாலும் டிபி இல்லை என்று முடிவு செய்ய முடியாது. அந்த நிலையில் டாக்டர் யோசித்து டிபி மருந்து கொடுத்துப் பார்ப்பார். அது சரியான வழிதான். ஆனால் இரண்டு மூன்று மாதத்தில் மறுபடி உள்ளே பார்த்து, புண் ஆறியதா என்று உறுதி செய்ய வேண்டும். அது பார்க்காமலே ஆறு மாதம் மாத்திரை விழுங்கி, அதற்குள் கட்டி முற்றிப்போய் வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். கிரோன்ஸ் என்று அவசரமாக ஸ்டீராய்டு கொடுத்தால், உள்ளே இருப்பது டிபியாக இருந்தால் கொழுந்துவிட்டு எரியும்.

பேர்ணாம்பட்டு: மூலத்துக்கு நாட்டு மருந்து சாப்பிடலாமா?

மூலம் என்று விரல் விட்டுப் பார்த்துச் சொன்னது யார்? அதைச் சொல்லிவிட்டுக் கேளுங்கள்.

வாலாஜா: மேடம், சதை எடுத்தால் பரவிவிடும் என்பதை ஏன் மறைக்கிறீர்கள்? என் மாமனாருக்கு சதை எடுத்த மூன்றாம் மாதமே ஈரலில் வந்துவிட்டது. கத்தி படாமல் இருந்திருந்தால் இன்னும் இருந்திருப்பார்.

ஐயா, உங்கள் துக்கம் புரிகிறது. நான் எதையும் மறைக்கவில்லை. குடலுக்குள் சின்னப் பாலிப்பாக (சதை மொட்டாக) ஆரம்பிப்பது புற்றுநோயாக மாற ஏறக்குறைய பத்து வருடம் ஆகும். மூன்று மாதத்தில் ஈரலில் தெரிந்த கட்டி, சதை எடுத்த அன்று கண்ணுக்குத் தெரியாத அளவில் அங்கே உட்கார்ந்திருந்தது. குடலிலிருந்து ரத்தம் நேராக ஈரலுக்குத்தான் போகிறது, கட்டிக்கு அந்த வழி தெரியும். நாங்கள் எடுப்பது உள்தோலிலிருந்து அரிசி நொய் அளவு.

வாலாஜா: எங்கள் தெருவில் நாலு பேருக்கு இப்படித்தான் ஆயிற்று. (இதற்கு ஒன்பது பேர் “எங்கள் வீட்டிலும்” என்று எழுதியிருக்கிறார்கள்.)

ஒன்பது பேருக்கும் சேர்த்துச் சொல்கிறேன். சில உறுப்புகளில் முன்கூட்டிச் சதை எடுக்கக் கூடாது என்பது உண்மைதான். விதைப்பையில் கட்டி என்றால் அங்கே ஊசி குத்த மாட்டோம். குடலுக்கு அந்தக் கணக்கு பொருந்தாது.

சதை எடுக்காவிட்டால் என்ன ஆகும் என்றும் பாருங்கள். 27 வயதுப் பையன் ஒருவன் வந்தான். மலக்குடலில் மேடும் புண்ணும், பார்த்தால் அச்சு அசல் கேன்சர். வேறு இடத்தில் மலக்குடலை எடுத்துவிட்டு, மலம் போக வயிற்றில் பை வைக்க வேண்டும் என்று சொல்லியிருந்தார்கள். சதையில் புற்றுநோய் இல்லை. கழிவறையில் முக்கால் மணி நேரம் உட்கார்ந்து முக்கி முக்கி வந்த தனிப்புண். பழக்கத்தை மாற்றி, மலம் இளக மருந்து கொடுத்ததில் ஆறியது. அமீபா சீதபேதி முற்றி வரும் கட்டியும் புற்றுநோய் வேஷம் போடும், அது மாத்திரையில் கரையும். அந்த நொய் அளவு சதை இல்லையென்றால் இவர்களுக்கெல்லாம் குடலே போயிருக்கும். உங்கள் தெருவில் அடுத்து ஒருவருக்கு ரத்தம் போனால், பயந்துகொண்டு வீட்டில் உட்காரச் சொல்லிவிடாதீர்கள் ஐயா. கெஞ்சிக் கேட்கிறேன்.

திருப்பத்தூர்: எனக்கு 22. பரீட்சை வந்தால் வயிற்று வலி, பேதி. கேன்சரா?

தூக்கத்திலிருந்து எழுப்பும் பேதி, ரத்தம், எடை குறைவு இல்லையென்றால் பெரும்பாலும் ஐபிஎஸ் (கட்டியோ புண்ணோ இல்லாத குடல் தொந்தரவு) ஆகத்தான் இருக்கும். மலத்தில் கால்புரோடெக்டின் என்ற அழற்சிப் புரதத்தின் அளவைப் பாருங்கள். நார்மல் என்றால் குடலில் அழற்சி இருக்க வாய்ப்பு குறைவு.

அணைக்கட்டு, ஆற்காடு, லத்தேரி, இன்னும் பதினாறு பேர்: மூலத்துக்கு எந்த ஆயின்மென்ட் நல்லது?

முதல் பதிலைப் படியுங்கள். படித்துவிட்டு அடுக்கம்பாறை அரசு மருத்துவமனையில் அறுவை சிகிச்சை ஓ.பி.க்குப் போய் விரல் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். ஆயின்மென்ட் பெயர் நான் சொல்லப் போவதில்லை.

மேல்விஷாரம்: அப்பாவுக்கு 44 வயதில் குடல் புற்றுநோய். எனக்கு 33, ஒரு தொந்தரவும் இல்லை.

அப்பாவின் வயதிலிருந்து பத்தைக் கழியுங்கள், 34. நாற்பதையும் அதையும் வைத்து, எது முந்தியோ அந்த வயதில் முதல் கொலனோஸ்கோபி. உங்களுக்கு அடுத்த வருடம். சித்தப்பா, அத்தை, பாட்டி யாருக்காவது குடல் அல்லது கர்ப்பப்பைப் புற்றுநோய் இருந்ததா என்று விசாரித்து எழுதிக்கொண்டு போங்கள். பரம்பரை வகையாக இருந்தால் இன்னும் முன்பே பார்க்க வேண்டும்.

குடியாத்தம் (முதலில் கேட்டவர்): வியாழக்கிழமை கொலனோஸ்கோபிக்குத் தேதி கிடைத்துவிட்டது டாக்டரம்மா. என்ன கொடுப்பது?

நல்லது அம்மா. இரும்புச்சத்து மாத்திரை சாப்பிட்டால் இன்றே நிறுத்துங்கள், அது குடலில் கறுப்பாக ஒட்டிக்கொள்ளும். ரத்தம் உறையாமல் இருக்கும் மாத்திரையோ சுகர் மாத்திரையோ இருந்தால் அங்கேயே கேளுங்கள். இரண்டு நாள் கீரை, விதையுள்ள காய், கேழ்வரகு வேண்டாம். புதன்கிழமை அவர்கள் சொன்ன நேரத்திலிருந்து வடிகட்டிய மோர்த்தண்ணீர்கூடக் கூடாது. இளநீர், தெளிவான ரசத்தண்ணீர், பால் இல்லாத டீ மட்டும். பேதி மருந்து உப்புக் கரிக்கும், எலுமிச்சை பிழிந்து குளிரவைத்துக் கொடுங்கள். கடைசியில் போவது தெளிந்த மஞ்சள் தண்ணீராக இருக்க வேண்டும். கலங்கலாகவே இருந்தால் கிளம்பும் முன் போன் செய்து சொல்லிவிடுங்கள்.