கால்நடை ஆய்வாளர் யார்? மாட்டு டாக்டர் இருக்கும்போது இவர் எதற்கு?

கால்நடை மருத்துவரின் மேற்பார்வையில், பயிற்சி பெற்று கிராமங்களில் வேலை செய்பவர்தான் கால்நடை ஆய்வாளர். தடுப்பூசி, சினை ஊசி (மாடு சினைப்பட விந்து செலுத்துவது), காயத்துக்கு மருந்து கட்டுவது எல்லாம் அவர் கையில் நடக்கும். நோயைக் கண்டறிவதும் அறுவை சிகிச்சையும் டாக்டர் வேலை. வீடு தேடி வரும் கிராம செவிலியரை நினைத்துக்கொள்ளுங்கள், ஏறக்குறைய அதே இடம்தான்.

மாடு வாய் திறந்து சொல்லாது, கூடவே இருப்பவர் கவனித்தால்தான் உண்டு. அதனால் வளர்ப்பவருக்குச் சொல்லிக்கொடுப்பது இவர் வேலையில் பாதி. என்னைக் கேட்டால், முக்கியமான பாதியே அதுதான்.

சினை ஊசியை எடுத்துக்கொள்வோம். உறைவிந்துக் குச்சி, அதாவது காளையின் விந்தை அடைத்து உறையவைத்த மெல்லிய குழாய், மைனஸ் 196 டிகிரி திரவ நைட்ரஜனில் இருக்கும். அதை எடுத்து, 37 டிகிரி வெதுவெதுப்பான நீரில் அரை நிமிடம் வைத்து, ஈரம் துடைத்து, பிறகுதான் செலுத்துவார். இவ்வளவு பக்குவமும் நேரம் தவறினால் வீண். ஏனென்றால் மாடு கத்துவது போன்ற சினைப்பருவ அறிகுறிகள் அடங்கிச் சில மணி நேரம் கழித்தே கருமுட்டை வெளிவரும். காலையில் கத்தினால் மாலையில் ஊசி, மாலையில் கத்தினால் மறுநாள் காலையில் என்பது அதனால்தான். கத்துவதையும், கண்ணாடி போலத் தொங்கும் வழும்பையும் முதலில் பார்ப்பது வீட்டுக்காரர்தானே. அப்புறம், அவர் சொன்னால்தான் ஆய்வாளர் வர முடியும்.

தடுப்பூசியிலும் சொல்லிக்கொடுக்கும் வேலை உண்டு. கோமாரிக்கு (வாயிலும் காலிலும் புண் வரும் மாட்டு நோய்) தடுப்பூசி போட்டால் பால் வற்றிவிடும் என்று பயந்து சிலர் மாட்டை ஓட்டிவருவதில்லை. ஓரிரு நாள் பால் கொஞ்சம் குறையலாம், பிறகு பழையபடி கறக்கும்.