சீனியாரிட்டிக்கு கோ வாரண்டோ எடுபடாது

கடலூர் அரசு உதவிபெறும் கல்லூரியில் உங்களைத் தாண்டி உங்கள் ஜூனியரை முதல்வராக்கியதற்காக கோ வாரண்டோ (எந்தத் தகுதியில் பதவியில் இருக்கிறீர்கள் என்று ஒருவரைக் கேட்கும் நீதிமன்ற ரிட்) போட்டால் நிற்காது. நாற்காலியில் இருப்பவருக்குத் தகுதி உண்டா என்று மட்டும்தான் அந்த ரிட் கேட்கும்.

யுஜிசி 2018 விதிமுறைப்படி முதல்வர் பதவி சீனியாரிட்டியில் வருவதில்லை, தேர்வுக் குழு வழியாக வருவது. உங்களைத் தாண்டியது அதனால்தான் இருக்கும். முதல்வராக பிஎச்டி, 15 ஆண்டுப் பணி, 10 ஆய்வுக் கட்டுரை, 110 ஆய்வு மதிப்பெண் வேண்டும். அவருடைய கட்டுரைக் கணக்கை முதலில் நோண்டுங்கள்.

ஆர்டிஐ (தகவல் உரிமைச் சட்டம்) மனுவில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டி தேர்வுக் குழு மினிட்ஸ், மதிப்பெண் தாள், கட்டுரைப் பட்டியல் கேளுங்கள். அவர் தகுதியில் ஓட்டை தெரிந்தால் சென்னை உயர் நீதிமன்றம் போகலாம். கடலூர் மதுரைக் கிளைக்குக் கீழ் வராது.

நீங்களும் இன்டர்வியூவில் உட்கார்ந்தீர்களா? அப்படியானால் முறையைக் குறை சொல்வது கஷ்டம். சிறுபான்மைக் கல்லூரி என்றால் இன்னும் கஷ்டம்: தகுதியுள்ள யாரையும் நிர்வாகம் எடுக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2006-லேயே சொல்லிவிட்டது.