எடோ கோட்டைக்குள்ள காதல்: மாட்டுனா என்ன தண்டனை?

கேள்வி: 1714ல ஜப்பான்ல நடக்கற மாதிரி தொடர்கதை எழுதறேன் சார். எடோ (இப்போதைய டோக்கியோ) கோட்டைல, நாட்ட ஆண்ட ராணுவத் தலைவர் ஷோகுனோட அந்தப்புரத்துல பெரிய பொறுப்புல இருக்கற பொண்ணும் ஒரு சாமுராயும் லவ் பண்றாங்க. ரெண்டு பேருக்கும் கல்யாணம் ஆகல. மாட்டுனா கேஸ் நிக்குமா? கோயில்ல தஞ்சம் கேக்கலாமா?

பதில்: கல்யாணம் ஆகாதவங்கதானே, கள்ளத்தொடர்பு கேஸ் எப்படி வரும்னு நினைக்கறீங்க போல, ஆனா அந்த வாதம் அங்க எடுபடாதும்மா. ஓஓகுன்னு சொல்ற அந்த அந்தப்புரத்துக்கு 1618லயே தனி விதிகள் போட்டாச்சு, உள்ள நடக்கறத வெளிய சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணிட்டுத்தான் வேலைல சேரணும், அதனால அங்க குற்றமே எஜமானுக்கு செய்ய வேண்டிய கடமைய மீறினதுதான்.

நீங்க சொன்ன அதே வருஷம் நிஜமாவே ஒரு கேஸ் நடந்துச்சு. எஜிமான்னு ஒரு அம்மா, குட்டிப் பையனா இருந்த ஷோகுன் இயெத்சுகுவோட தாயார் கெக்கோஇன்கிட்ட பெரிய பதவில இருந்தவங்க, எஜமானிக்கு பதிலா கோயிலுக்குப் போயிட்டு வர்ற வழில யமமுரா நாடகக் கொட்டகைக்குப் போயிட்டு கோட்டைக்கு லேட்டா திரும்பினாங்க. அவ்ளோதான், நடிகர் இகுஷிமா ஷிங்கோரோவோட தொடர்புன்னு விசாரணை ஆரம்பிச்சு, அவங்கள தகாதோங்கற ஊருக்கும் அவர மியாகே தீவுக்கும் தண்டனையா அனுப்பி, கொட்டகையவே மூடிட்டாங்க. காதல் இருந்துச்சான்னே இன்னும் வாதம் நடக்குது. எனக்கு இதுல தாங்கவே முடியாதது, எஜிமாவ கண்டிக்கலைன்னு அவங்க அண்ணன் தலைய வெட்டினது. செஞ்சது யாரு, தண்டனை யாருக்கு பாருங்க! அதனால உங்க கதைல விசாரணை வந்தா ரெண்டு பேரோட குடும்பத்தையும் கண்டிப்பா கொண்டு வாங்க.

கோயில் யோசனைய விட்டுடுங்க. கமகுராவுல இருக்கற தோகேஜி கோயில், அந்தக் காலத்துல புருஷன்கிட்ட இருந்து விவாகரத்து கேட்டு ஓடி வந்த பொண்ணுங்களுக்கான இடம், உங்க ஹீரோயினுக்கு புருஷனே இல்லையே.

சேர்த்து வைக்கணும்னா ஒரே வழிதான் தெரியுது. அவள பெரிய பதவில வைக்காம கீழ்நிலை வேலைக்காரியா மாத்துங்க, அவங்க சில வருஷம் வேலை பாத்துட்டு லீவு வாங்கி வெளிய வந்து கல்யாணம் பண்ணிக்கறது சகஜம். அவனும் தன்னோட பிரபுகிட்ட முறையா அனுமதி வாங்கணும், அது இல்லாம சாமுராய்க்கு கல்யாணம் கிடையாது.

ஜோடித் தற்கொலைன்னு முடிக்கப் போறீங்கன்னா வருஷத்த பாத்துக்கோங்க. ரெண்டு பேரும் பிழைச்சா 3 நாள் பொது இடத்துல நிக்க வச்சு சாதிய விட்டே கீழ தள்றது, ஒருத்தர் மட்டும் பிழைச்சா மரண தண்டனைங்கறதெல்லாம் அடுத்த ஷோகுன் யோஷிமுனே காலத்துல 1742ல வந்த சட்டத் தொகுப்புல இருக்கறது, 1714ல நீதிபதி வாயில அத வைக்காதீங்க.