பாப்பாவுக்கு சர்நேம் என்ன போடறது? ஒரே வீட்ல மூணு பேருக்கு மூணு சர்நேம் வந்தா பரவாயில்லையா?

திருப்பூர்ல இருந்து ஒரு தம்பி எழுதியிருக்கார். அவர் பாஸ்போர்ட்ல ஒத்தைப் பேர்தான் இருக்கு, சர்நேம் கட்டம் காலி. மனைவி பாஸ்போர்ட்ல சர்நேமா அவங்க அப்பா பேர். அமெரிக்காவுல வேலை வந்திருக்கு, ஏழு மாசக் குழந்தைக்கு பாஸ்போர்ட் எடுக்கணும். "எங்களுக்குக் குடும்பப் பேர்னு ஒண்ணு கிடையாதே சார், பாப்பாவுக்கு என்ன போடறது, மூணும் மூணு விதமா இருந்தா ஏர்போர்ட்ல பிடிச்சு வெச்சுக்குவாங்களா, பேசாம தாத்தா காலத்து சாதிப் பட்டத்தையே எல்லாரும் சர்நேமா போட்டுக்கலாம்னு வீட்ல பெரியவங்க சொல்றாங்க"ன்னு கேக்கறார்.

தம்பி, பதிலை முதல்லயே சொல்லிடறேன். பாப்பா பேர் கிவன் நேம் கட்டத்துல, உங்க பேர் சர்நேம் கட்டத்துல, இனிஷியலா இல்லாம முழுசா விரிச்சு. உங்க பேருக்கு பதிலா அம்மா பேர் வைக்கணும்னு ரெண்டு பேரும் விரும்பினா அதையும் தாராளமா யோசிங்க. பட்டம் வேண்டவே வேண்டாம். பாப்பாவுக்கு முன்னாடி சரி பண்ண வேண்டியது உங்க பாஸ்போர்ட்டைத்தான்.

உதாரணத்துக்கு முருகேசன் மகன் செந்தில், ராமசாமி மகள் கவிதா, இவங்க குழந்தை நிலான்னு வெச்சுக்குவோம். செந்தில் முருகேசன், கவிதா ராமசாமி, நிலா செந்தில். மூணு பேர், மூணு சர்நேம். இதைப் பார்த்து "நம்ம முறை ஏதோ அரைகுறை, வெளிநாட்டுக்காரனுக்குத்தான் ஒழுங்கான பேர் இருக்கு"ன்னு நிறைய பேர் மனசுல ஒரு கூச்சம் வந்துடுது. எனக்கு அதுதான் வருத்தம்.

ஐஸ்லாந்தை எடுத்துக்கங்க. ஐரோப்பா நாடுதான், அங்கயும் பெரும்பாலான வீடுகள்ல குடும்பப் பேர் கிடையாது. அப்பா பேரோட 'சோன்' சேர்த்தா மகன், 'டோட்டிர்' சேர்த்தா மகள். 1980ல இருந்து 1996 வரைக்கும் அங்க ஜனாதிபதியா இருந்த விக்டிஸ் ஃபின்போகாடோட்டிர் பேருக்கு அர்த்தமே ஃபின்போகி மகள் விக்டிஸ், அவ்வளவுதான். புருஷன், பொண்டாட்டி, மகன், மகள் நாலு பேருக்கும் கடைசிப் பேர் வேற வேறயா இருக்கறது அங்க சர்வ சாதாரணம், டெலிபோன் டைரக்டரி அச்சடிச்ச காலத்துல அதையே அவங்கவங்க சொந்தப் பேர் வரிசையிலதான் போட்டாங்க. புதுசா குடும்பப் பேர் வெச்சுக்கறதை 1925ல சட்டம் போட்டே தடுத்தாங்க.

பர்மாவுல குடும்பப் பேர்ங்கற வழக்கமே இல்ல. ஐ.நா. பொதுச்செயலாளரா இருந்த ஊ தாண்ட் பேர்ல 'ஊ'ங்கறது நம்ம 'ஐயா' மாதிரி மரியாதைச் சொல், பேர் வெறும் தாண்ட். ஆங் சான் சூச்சி பேர்ல ஆங் சான் அப்பா, சூ அப்பாவைப் பெத்த பாட்டி, கடைசியில வர்றது அம்மா பேர்ல இருந்து எடுத்தது.

சர்நேம் வெச்ச நாடுகள்ல கூட அது எல்லா இடத்துலயும் ஆதிகாலத்துல இருந்து வந்தது இல்ல, பல இடங்கள்ல வரிப் பட்டியலுக்கும் ராணுவத்துக்கு ஆள் எடுக்கவும் அரசாங்கம் உத்தரவு போட்டு வந்ததுதான். பிலிப்பைன்ஸ்ல 1849ல ஸ்பெயின்காரங்க கவர்னர் ஜெனரல் க்ளாவெரியா ஒரு பெரிய பேர்ப் பட்டியலை அச்சடிச்சு ஊர் ஊரா அனுப்பினார், அதுல இருந்து ஒவ்வொரு குடும்பமும் ஒரு பேரை எடுத்துக்கணும். ஒரு ஊருக்கு ஒரு எழுத்துன்னு பக்கத்தைப் பிரிச்சுக் குடுத்த இடமெல்லாம் இருக்கு, ஆல்பாய் மாகாணத்துல ஓவாஸ்ங்கற ஊர்ல இன்னைக்கும் குடும்பப் பேர்கள்ல பெரும்பாலும் 'ர' சத்தத்துலதான் ஆரம்பிக்குது. தாய்லாந்துல சர்நேம் சட்டம் 1913, துருக்கியில 1934. முஸ்தபா கெமாலுக்கு 'அத்தாதுர்க்'ங்கற சர்நேமை நாடாளுமன்றம் குடுத்ததே அந்த வருஷம்தான்.

இனி நம்ம கதை. சங்கப் புலவர் பேரைப் பாருங்க, மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார். ஊர், அப்பா, பேர். நம்ம காலத்து முறையில சுருக்கினா ம.க.நக்கீரன். சி.என்.அண்ணாதுரையும் அதே வரிசைதான், காஞ்சிபுரம் நடராசன் அண்ணாதுரை. தொல்காப்பியம் எழுத்ததிகாரத்துல அப்பா பேரோட மகன் பேர் சேர்ந்தா எழுத்து எப்படி மாறும்னு விதியே இருக்கு, சாத்தன் மகன் கொற்றன்னா சாத்தங்கொற்றன், கொற்றன் மகனும் கொற்றன்னா கொற்றங்கொற்றன்னு உரைகாரங்க உதாரணம் தர்றாங்க. அதைப் படிக்கறப்பல்லாம் எனக்கு சிலிர்க்கும். இவ்வளவு பழைய வழக்கத்தை ஒரு ஃபார்ம்ல கட்டம் பொருந்தலைங்கறதுக்காகக் குறைன்னு நினைக்கலாமா?

மலேசியாவுக்குப் போன நம்ம ஜனங்க பேருக்கு நடுவுல 'அனாக் லெலாகி', 'அனாக் பெரெம்புவான்', அதாவது இன்னார் மகன், இன்னார் மகள்னு போட்டு இதையே காப்பாத்திக்கிட்டாங்க. தூத்துக்குடி கடற்கரையில மட்டும் வேற கதை, 16ஆம் நூற்றாண்டுல போர்ச்சுகீசியர் கிட்ட ஞானஸ்நானம் வாங்கினப்போ வந்த பர்னாந்து மாதிரிப் பேர்கள் அங்க உண்மையான குடும்பப் பேராவே நின்னுடுச்சு.

பட்டம் ஏன் வேண்டாங்கறேன்னா, 1929ல செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டுல சாதிப் பட்டத்தைப் பேரோட போடறதை விடணும்னு தீர்மானம் போட்டு, அதுக்கப்புறம் ரெண்டு மூணு தலைமுறை பாடுபட்டுத்தான் தமிழ்நாட்டுல ஒருத்தர் பேரைக் கேட்டதும் சாதி தெரியாதுங்கற நிலைமை வந்திருக்கு. ஒரு காலிக் கட்டத்தை நிரப்பறதுக்காக அதைத் திரும்பக் கொண்டு வந்து ஏழு மாசக் குழந்தை தலையில கட்டாதீங்க தம்பி. அங்க போனாலும் நம்ம ஆளுங்க மத்தியிலதான் அவ வளரப் போறா, அந்தப் பேர் என்ன சொல்லுதுன்னு எல்லாருக்கும் புரியும்.

சரி, வேலைக்கு வருவோம். பாஸ்போர்ட் பக்கத்துக்குக் கீழ மெஷின் படிக்கற ரெண்டு வரி இருக்குல்ல, ஒவ்வொரு வரியிலயும் 44 இடம். முதல் வரியில ஆவண வகை, நாட்டுக் குறி போக பேருக்கு மிச்சம் 39 இடம்தான். சர்நேம் முதல்ல வரும், அப்புறம் ரெண்டு அம்புக்குறி, அதுக்கப்புறம் கிவன் நேம். அதனால தாத்தா பேர், ஊர்ப் பேர், அப்பா பேர்னு எல்லாத்தையும் விரிச்சு நீளமாக்கிடாதீங்க, கடைசியில வெட்டுப்படும்.

சர்நேம் காலியா இருந்தா என்ன ஆகும்னா, அமெரிக்க விசாவுல உங்க பேரைத் தூக்கி சர்நேம் இடத்துல போட்டுட்டு, கிவன் நேம் இடத்துல 'எஃப்.என்.யூ.'ன்னு அடிப்பாங்க, முதல் பேர் தெரியலைன்னு அர்த்தம். அப்புறம் டிரைவிங் லைசென்ஸ், பேங்க் கார்டுன்னு அது பின்னாடியே வரும், டாக்டர் கிளினிக்ல "ஃபனு"ன்னு கூப்பிடறாங்கன்னு என்கிட்ட வருத்தப்பட்டவங்க உண்டு. ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பர்ல ஒத்தைப் பேர் பாஸ்போர்ட்டோட விசிட் விசாவுல வர்றவங்களை விடமாட்டோம்னே சொல்லிடுச்சு, பின்னாடி பாஸ்போர்ட்ல அப்பா பேர் இருந்தாப் போதும்னு தளர்த்தினாங்க. அதனால விசாவுக்குப் போடறதுக்கு முன்னாடியே உங்க பாஸ்போர்ட்டை ரீ-இஷ்யூவுக்குக் குடுத்து, அப்பா பேரை சர்நேமா சேர்த்துடுங்க.

சில பேர் மாத்திப் போட்டுடறாங்க, சர்நேம்ல சொந்தப் பேர், கிவன் நேம்ல அப்பா பேர். தப்புன்னு இல்ல, ஆனா வெளிநாட்டுல தினமும் கூப்பிடறது கிவன் நேமைத்தான். செஸ் சாம்பியன் விஸ்வநாதன் ஆனந்த் பேர்ல விஸ்வநாதன் அப்பா, ஆனந்த் தான் அவர். உலகம் பூரா செல்லமா 'விஷி'ன்னு கூப்பிட்டது அவங்க அப்பா பேரை!

குடும்பத்துல சர்நேம் ஒத்துப்போகணும்னு பயணத்துக்குப் பொதுவான விதி எதுவும் இல்ல. கல்யாணம் ஆச்சுங்கறதுக்காக உங்க மனைவி பேரை மாத்த வேண்டிய அவசியமும் கிடையாது, அவங்க சர்டிபிகேட்டெல்லாம் அப்பா பேர்ல இருக்கறப்போ மாத்தினாத்தான் சிக்கல். கல்யாண சர்டிபிகேட், பாப்பாவோட பர்த் சர்டிபிகேட் ரெண்டும் கைப்பையில இருக்கட்டும். குழந்தையை ஒருத்தர் மட்டும் கூட்டிட்டுப் போனா இன்னொருத்தர் கையெழுத்துப் போட்ட சம்மதக் கடிதம் ஒண்ணு வெச்சுக்கங்க, சர்நேம் வேறயா இருக்கறப்போ அது ரொம்ப உதவும்.

பாப்பா பேர் பர்த் சர்டிபிகேட்ல ஏறிடுச்சான்னு இப்பவே பாருங்க. பொறந்து 12 மாசத்துக்குள்ளன்னா கட்டணம் இல்லாமயே சேர்க்கலாம், அதுக்கப்புறம் 15 வருஷம் வரைக்கும் தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். அங்க என்ன ஸ்பெல்லிங் போடறீங்களோ, உங்க பேர் உட்பட, அதே எழுத்துத்தான் ஆதார்லயும் பாஸ்போர்ட்லயும் வரணும். 'செந்தில்'ல ஒரு 'ஹெச்' கூடக் குறைய இருந்தாலும் பின்னாடி அலையணும், அதனால அந்த சர்டிபிகேட்டை நகராட்சியில கையில வாங்கறப்பவே கவுண்டர்ல நின்னு ஒவ்வொரு எழுத்தாப் படிச்சுப் பார்த்துட்டு வாங்க.