அண்டார்டிகாவுக்குப் போன எண்டூரன்ஸ் கப்பல் நொறுங்கியும், பயணத் தலைவர் ஷாக்கிள்டன் உட்பட அதிலிருந்த 28 பேரும் பிழைத்தது எப்படி?

அண்டார்டிகாவின் மறுபுறம், ராஸ் கடல் பக்கம் போன இதே பயணத்தின் இன்னொரு குழுவில் மூவர் இறந்தார்கள், அதை மறக்க வேண்டாம். சரி, இந்த 28 பேர்?

ஷாக்கிள்டன் உணவைப் போலவே மனநிலையையும் கண்ணும் கருத்துமாகக் கவனித்தார் என்பதே என் பதில். 1915 அக்டோபரில் அண்டார்டிகாவை ஒட்டிய வெடல் கடல் பனியில் கப்பல் நொறுங்க, பனிப்பாளத்தில் கூடாரம் போட்டார்கள். கதகதப்பான கலைமான் தோல் படுக்கைப் பைகள் 18தான். சீட்டுக் குலுக்கியதில் அவை மாலுமிகளுக்கே விழுந்தன. ஷாக்கிள்டனுக்கும் பெரும்பாலான அதிகாரிகளுக்கும் கம்பளிப் பைதான். குலுக்கலில் ஏதோ தில்லுமுல்லு என்று மாலுமி ஒருவரே பிறகு சொன்னார்! சுமையைக் குறைக்கத் தங்கக் காசுகளை வீசியெறிந்தவர், குழுவின் வானிலை ஆய்வாளர் ஹஸ்ஸியின் பாஞ்சோ என்ற நரம்பிசைக் கருவியை மட்டும் விடவில்லை; பாட்டு மனதைத் தேற்றுமே!

அப்புறம் எல்லோரும் படகுகளில் யானைத் தீவை அடைந்தார்கள். அங்கிருந்து ஷாக்கிள்டன் உதவி தேடி ஐந்து பேரோடு சிறு படகில் சுமார் 1,300 கி.மீ. கடந்து தெற்கு ஜார்ஜியா போனார். மூன்று மீட்பு முயற்சிகள் தோற்றன. நான்காவதில், 1916 ஆகஸ்ட் 30 அன்று, சிலி நாட்டுக் கப்பலில் வந்து தீவிலிருந்த 22 பேரையும் அழைத்துப்போனார்.